பதினொரு விநாடி மௌனம்

அமெரிக்க இசைக்கு இரண்டு பிறப்புகள் உண்டு. முதலாவது, பாடியவர்கள் பாடியபோது நடந்தது. அது அவ்வளவு முக்கியமில்லை. அப்போது யாரும் படம் பிடிக்கவில்லை. இரண்டாவது, உண்மையான பிறப்பு, மிஸ்டர் தாடியஸ் விட்கோம் தம் பரிவாரத்தோடும் பதினான்கு பெட்டிகளோடும் மிசிசிப்பியில் எங்கள் கில்ரெத் ஊருக்கு வந்து இறங்கிய ஆகஸ்ட் மாதத்தில் நடந்தது. அந்தப் பிரசவத்தின்போது நான் பக்கத்திலேயே இருந்தேன். இதைப் பெருமைக்காகச் சொல்லவில்லை என்று சொல்வதுதான் முறை. ஆனால் பெருமைக்காகத்தான் சொல்கிறேன்.

விட்கோமை அறியாதவர்கள் யாராவது இருந்தால் அவர்களுக்காக இரக்கப்படுகிறேன். ‘வேலி’யைப் பற்றி ஆறு மணி நேர ஆவணப்படம் எடுத்தவர். ‘பொத்தான்’ பற்றிப் பதினொரு மணி நேரம். இரண்டிலும் அவர் தேடியது ஒன்றுதான்: அமெரிக்காவின் ஆன்மா. வேலிப் படத்தில் அது வேலிக்கு அந்தப் பக்கம் இருந்தது. பொத்தான் படத்தில் அது பொத்தானில் இல்லை, ஓட்டையில் இருந்தது. நாடே கண்ணீர் விட்டது. இப்போது அவர் இசைக்கு வந்திருந்தார். ஒன்பது பாகம், பதினெட்டு மணி நேரம். ஆன்மா எங்கள் ஊர்ப் பக்கம் எங்கோ ஒளிந்திருப்பதாக அவருக்குத் துப்புக் கிடைத்திருந்தது.

என் பெயர் பர்னெல் டில்மன். கெளுத்தி மீன் ஆலையில் முப்பத்திரண்டு வருடம் மேற்பார்வை பார்த்து ஓய்வு பெற்றவன். இரண்டாம் கலிலேயா பாப்டிஸ்ட் சபையின் மூத்த டீக்கன். டீக்கனுக்கு என்ன வேலை என்று சிலர் கேட்கிறார்கள். மேடைக்கு இடப்பக்கம், முன்வரிசையில், ‘ஆமென் மூலை’ என்று ஒரு பெஞ்சு இருக்கிறது. அதில் உட்கார்ந்து பதில் சொல்வதுதான் வேலை. எங்கள் சபையில் யார் எதைச் சொன்னாலும் அது பாதி வாக்கியம்தான். போதகர், “கடல் பிளந்தது!” என்பார். நான், “பிளந்தே விட்டது!” என்பேன். அப்புறம்தான் கடல் பிளக்கும். ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் இருமலோடு வீட்டில் படுத்துவிட்டேன். அன்றைக்கு இஸ்ரவேலர் பன்னிரண்டேகால் மணி வரை கரையிலேயே நின்றார்களாம்.

இதில் இன்னொரு சட்டமும் உண்டு. எங்கள் பக்கத்தில் பாட்டுக் கட்டினவர் யாரும் “நான் கட்டினேன்” என்று சொல்ல மாட்டார். சொன்னால் அடுத்த வாரம் அவர் பக்கத்தில் ஆள் உட்காராது. “நான் எழுதல, கர்த்தர் கொடுத்தார்” என்று சொல்லித் தலையைக் குனிந்துகொள்ள வேண்டும். உடனே ஆமென் மூலையிலிருந்து, “உங்க கை வழியாத்தானே கொடுத்தார்!” என்று குரல் எழ வேண்டும். மூத்த டீக்கன் தொடங்க வேண்டும், பின்னாலேயே சபை முழங்கும். அவ்வளவுதான், பாட்டு அவர் பெயரில் பதிவாகிவிட்டது. என் மனைவி லூவீனியாவின் காரமல் கேக்குக்கும் இதே சட்டம்தான். “நான் என்ன பண்ணேன், அடுப்பு பண்ணுச்சு” என்பாள். அதை நம்பி அடுப்பைப் பாராட்டியவர்களுக்கு இரண்டாவது துண்டு கிடைத்ததில்லை.

பதில் சொல்லத் தவறினால் என்ன ஆகும் என்பதற்கு எங்கள் சபையே சாட்சி. 1958இல் முதலாம் கலிலேயா சபையில் ஒருவர் எழுந்து, “இந்தக் கூரையை நான் போடல, கர்த்தர் போட்டார்” என்றார். அன்று ஆமென் மூலையில் எல்லோரும் தூங்கிக்கொண்டிருந்தார்கள். அவர் ஏணியை வைத்து ஏறி, தான் போட்ட பாதிக் கூரையைக் கழற்றிக்கொண்டு போய், சாலைக்கு எதிர்ப்புறம் இரண்டாம் கலிலேயாவைத் தொடங்கிவிட்டார். நாங்கள் அந்தக் கூரையின் கீழ்தான் வளர்ந்தோம்.

இனி சிஸ்டர் வெர்லீன் மேபரி. எங்கள் ஊர் ஸ்கூல் பஸ் ஓட்டுகிறார். 1981இல் அவர் வேலைக்குச் சேர்ந்த மூன்றாவது வாரம், ரயில் பாதையில் ஒரு சரக்கு ரயில் குறுக்கே வந்து, ஊர்ந்து, நின்று, யோசித்து, மறுபடி ஊர்ந்து, ஒன்றேகால் மணி நேரம் வழியை மறித்தது. வெளியே மழை. பஸ்ஸுக்குள் முப்பத்தொரு பிள்ளைகள். முன் சீட்டில் ஒரு குழந்தை ஆரம்பித்த அழுகை பின் சீட்டு வரை போய்த் திரும்பி வந்துகொண்டிருந்தது. வெர்லீன் ஸ்டியரிங்கில் தாளம் போட்டு, அங்கேயே ஒரு பாட்டைக் கட்டினார்:

நீள ரயிலே, நீள ரயிலே, எண்ணி முடியலையே,
கடைசிப் பெட்டி இல்லாம கர்த்தர் ரயிலே விடலையே!

பிள்ளைகள் பெட்டிகளை எண்ணிக்கொண்டே பாடினார்கள். தொண்ணூற்றேழாவது பெட்டியோடு ரயிலும் முடிந்தது, அழுகையும் முடிந்தது. பாட்டு மட்டும் முடியவில்லை. அதற்கப்புறம் எங்கள் பக்கத்தில் அந்தப் பாட்டு இல்லாமல் யாரையும் அடக்கம் செய்ததில்லை. கால்பந்தில் தோற்கும்போது பாடுவோம். ஓட்டுநர் உரிமம் புதுப்பிக்கும் வரிசையில் நிற்கும்போது பாடுவோம். ஊரைத் தாண்டியும் பாட்டு போனது. வெர்லீனின் பெயர் மட்டும் கூடப் போகவில்லை.

படப்பிடிப்புக்கு முந்தின புதன்கிழமை, பாட்டுப் பயிற்சி முடிந்து கார் நிறுத்துமிடத்தில் வெர்லீன் என்னைப் பிடித்தார்.

“டீக்கன், ஞாயித்துக்கிழமை அந்த மனுஷன் என்னைப் பாடச் சொல்லியிருக்காரு.”

“ஊரே அதைத்தான் பேசுது, சிஸ்டர்.”

“பாடி முடிச்சதும் யார் எழுதினதுன்னு கேப்பாராம். நான் எப்படிச் சொல்லணுமோ அப்படித்தான் சொல்லுவேன். என் வாயால என் பேரைச் சொல்ல மாட்டேன். எங்கம்மா அப்படி வளக்கல.”

“அது தெரிஞ்சதுதானே.”

“மெம்ஃபிஸ்ல ஒரு பாடகர் குழு ரெக்கார்டு போட்டுச்சு. ‘எழுதினது யாருன்னு தெரியல’ன்னு அட்டையில அடிச்சிருந்தாங்க. சரி போகட்டும்னு ரெண்டு வாங்கினேன். அப்புறம் எங்கம்மா அடக்கத்துக்கு அச்சடிச்ச தாள்லயும் அதேதான். ‘தெரியல.’ நான் முதல் வரிசையில உக்காந்திருக்கேன், டீக்கன்! இவ்ளோ பெரிய கறுப்புத் தொப்பி போட்டுக்கிட்டு!”

“அந்தத் தொப்பி எனக்கு ஞாபகம் இருக்கு.”

“ஒரே ஒரு தடவை, அந்தப் பாட்டுக்குப் பக்கத்துல என் பேரு வரணும். வேற ஒண்ணும் எனக்கு வேண்டாம். நீங்க மூலையில இருப்பீங்கல்ல?”

“சிஸ்டர், நாப்பது வருஷத்துல நான் ஒரு பதிலையாவது தவறவிட்டிருக்கேனா?”

“இருமல் வந்த அன்னிக்கு.”

“அது இருமல்.”

சிரித்தபடி காரில் ஏறினார். ஹாரனை இரண்டு முறை அடித்தார். வெர்லீன் அப்படித்தான். தினமும் காலை பஸ் எங்கள் வீட்டைக் கடக்கும்போதும் இரண்டு முறை அடிப்பார். அதைக் கேட்டுத்தான் நான் காபி வைப்பேன்.

ஞாயிற்றுக்கிழமை வந்தது. விட்கோம் எங்கள் சபைக் கட்டடத்தைச் சுற்றிப் பார்த்துவிட்டு மிகுந்த துயரத்தில் ஆழ்ந்தார். கட்டடம் போதிய அளவு பழசாக இல்லை. இருக்கைகளில் மெத்தை இருந்தது. டிரம் இருந்தது. மின்சார ஆர்கன் இருந்தது. “இங்கே அசல் தன்மை கொஞ்சம் குறைச்சலா இருக்கே” என்று அவர் முணுமுணுத்ததைக் கேட்டு நாங்கள் வெட்கித் தலைகுனிந்தோம். டிரம்முக்குப் போர்வை போர்த்தினார்கள். ஏர்கண்டிஷனர் உறுமுகிறது என்று நிறுத்தினார்கள். சவப்பெட்டிக் கடைக்காரர் விளம்பரம் போட்ட அட்டை விசிறிகளைக் கண்டதும் விட்கோமுக்கு உயிர் வந்தது. அவற்றை எல்லோரும் கையில் பிடித்திருக்கலாம் என்று உத்தரவாயிற்று. விசிறக் கூடாது, விசிறினால் சத்தம். ஆகஸ்ட் மாதத்து மிசிசிப்பியில், இருநூறு பேர், ஆளுக்கொரு விசிறியைப் பிடித்துக்கொண்டு, ஆடாமல் அசையாமல் வெந்துகொண்டிருந்தோம்.

வெர்லீன் மயில் பச்சை உடையில், பளபளக்கும் தொப்பியோடு, செர்ரிச் சிவப்பு மின்சார கிட்டாரைத் தூக்கிக்கொண்டு வந்தார்.

“மேடம், இந்த கிட்டார்...” என்றார் விட்கோம்.

“போன வருஷம் வாங்கினது. நல்லாயிருக்கா?”

“ரொம்ப நல்லாயிருக்கு. அதுதான் பிரச்சினை.” பதினான்காவது பெட்டியைத் திறந்து, விறகாகப் போக வேண்டிய ஒன்றை எடுத்தார். “இது அசல்.”

“இதுல மூணு கம்பி இல்லையே.”

“அந்த மூணு கம்பி இல்லாததுலதாங்க ஒரு மக்களோட வலி இருக்கு.”

“வலி இருக்கட்டும். சுருதி எங்க இருக்கு?”

கடைசியில் வெர்லீன் மூன்று கம்பிக்கு ஒப்புக்கொண்டார். தொப்பியைக் கழற்றச் சொன்னபோது மட்டும் சபை முழுவதும் ஒரே நேரத்தில் தொண்டையைச் செருமியது. விட்கோம் அறிவாளி. தொப்பி தப்பியது.

முதல் முறை பாடினார். மூன்று கம்பியில், டிரம் இல்லாமல், வேர்வை வழிய, வெர்லீன் பாடிய பாட்டை என் வாழ்நாளில் மறக்க மாட்டேன். நான் அழுதேன். படக்குழுவில் கேபிள் சுருட்டும் ஆள்கூட அழுதான். அவர் முடித்ததும் விட்கோம் கேமராவுக்குப் பின்னாலிருந்து மெதுவாகக் கேட்டார்:

“இந்தப் பாட்டை யார் எழுதினது?”

வெர்லீன் தலையைக் குனிந்தார். “நான் எழுதல. கர்த்தர் கொடுத்தார்.”

“உங்க கை வழியாத்தானே கொடுத்தார், சிஸ்டர்!” என்றேன் நான். சபை இடி போல முழங்கியது.

“கட்!”

ஒலிப்பதிவு செய்த பெண் காதிலிருந்த கருவியைக் கழற்றிவிட்டு, இரண்டு காதும் அதனதன் இடத்தில் இருக்கிறதா என்று தொட்டுப் பார்த்துக்கொண்டாள்.

“யார் அது?” என்றார் விட்கோம்.

“நான்தாங்க. டீக்கன்.”

“ரொம்ப அழகு, டீக்கன் ஐயா. ஆனா அந்த வார்த்தைக்கு அப்புறம் எனக்கு மௌனம் வேணும்.”

“பதில் சொல்லலன்னா அந்த வாக்கியம் முடியாதுங்களே.”

“முடியாம நிக்கிறதுதாங்க கலை.”

கலையைப் பற்றி நான் அதுவரை யோசித்ததில்லை. யோசித்தபடி உட்கார்ந்தேன். வெர்லீன் மறுபடி முதலிலிருந்து பாடினார். மறுபடி தலை குனிந்தார். “நான் எழுதல. கர்த்தர் கொடுத்தார்.” நான் உதட்டைக் கடித்தேன். நாற்பது வருடப் பழக்கம் உதட்டுக்கு எங்கே கட்டுப்படும்? “உங்க கை வ—” என்பது வரை வந்துவிட்டது. இருநூறு பேர் மூச்சை இழுத்துத் தயாரானார்கள்.

“கட்!”

விட்கோம் நேராக ஆமென் மூலைக்கு வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார். என் தோளில் கை போட்டார். ‘பொத்தான்’ எடுத்த கை.

“டீக்கன் ஐயா, மூணு மணிக்கு உங்க பேட்டி இருக்கு. ஞாபகம் இருக்கா?”

ஞாபகம் இல்லாமல்? லூவீனியா என் பழுப்பு சூட்டை அதற்காகத்தான் இரண்டு முறை இஸ்திரி போட்டிருந்தாள். திரையில் என் பெயருக்குக் கீழே ‘வரலாற்றாசிரியர்’ என்று போடுவதாக விட்கோமே வாக்குக் கொடுத்திருந்தார்.

“இப்படியே போனா வெளிச்சம் போயிடும். பேட்டிக்கு நேரம் இருக்காது. தேசத்துக்குத்தான் நஷ்டம்.”

“தேசத்துக்கா?”

“தேசத்துக்கு.”

தேசத்துக்காக நான் எதையும் செய்யக்கூடியவன்.

மூன்றாவது முறை. வெர்லீன் பாடினார். தலை குனிந்தார். “நான் எழுதல. கர்த்தர் கொடுத்தார்.”

நான் வாயைத் திறக்கவில்லை. மூத்த டீக்கன் தொடங்காமல் மற்றவர்கள் தொடங்கக் கூடாது என்பது சட்டம். அதனால் அவர்களும் திறக்கவில்லை. ஒரு விநாடி போனது. இரண்டு, மூன்று. விசிறிகள் அந்தரத்தில் நின்றன. ஆறாவது விநாடியில் வெர்லீன் தலையைத் தூக்கி என் மூலையைப் பார்த்தார். கோபமாகப் பார்க்கவில்லை. நான் மறந்துவிட்டேனோ, உடம்புக்கு ஏதாவது ஆகிவிட்டதோ என்பது போலப் பார்த்தார். நான் என் ஷூவைப் பார்த்தேன். நன்றாகப் பளபளத்தது. ஒன்பது. பத்து. பதினொன்று. வெர்லீன் மறுபடி தலையைக் குனிந்துகொண்டார். இந்த முறை அது பணிவு இல்லை.

“கட்” என்று விட்கோம் கிசுகிசுத்தார். அவர் கன்னத்தில் கண்ணீர் ஓடியது. “இது... இதுதான் அமெரிக்கா.”

மூன்று மணிக்கு என் பேட்டி நடந்தது. நாற்பத்தைந்து நிமிடம். தொண்ணூற்றேழு பெட்டி என்பது 1897ஆம் வருடத்தைக் குறிப்பதாகவும், ரயில் என்பது ரயிலே அல்ல என்றும் விட்கோம் கண்டுபிடித்திருந்தார். “அந்த வருஷத்தோட சுமை உங்க மக்கள் மனசுல இன்னும் இருக்கா?” என்று கேட்டார். அந்த ரயிலில் ஏற்றிப் போன சுமை கோழித் தீவனம் என்பது எனக்குத் தெரியும். ஆனால் வரலாற்றாசிரியன் கோழித் தீவனம் பற்றிப் பேச முடியுமா? நெற்றியைச் சுருக்கி, “பெரிய வருஷம்ங்க அது” என்றேன். படக்குழு சோள மாவில் கறி பொதிந்து அவித்த எங்கள் ஊர் டமாலேயை மூன்று டஜன் தின்றுவிட்டு, அதிலும் ஆன்மா இருப்பதாகச் சொல்லிப் புறப்பட்டது.

அக்டோபரில் சபைக்கு ஒரு படிவம் வந்தது. நியூயார்க்கில் விட்கோமின் சட்டப் பிரிவு அனுப்பியது. சபையின் கடிதங்களுக்குப் பதில் எழுதுவதும் என் பொறுப்புதான். அதன் சாரம் இது:

பாடலை இயற்றியவர்: கர்த்தர் (பேட்டியின்படி).
மேற்படி கர்த்தரின் தற்போதைய முகவரி:
உயிருடன் இருக்கிறாரா? ஆம் / இல்லை.
இல்லையெனில், இறந்த தேதி:

சட்ட விஷயத்தில் விளையாடக் கூடாது என்று போதகரிடம் கலந்து ஆலோசித்தேன். முகவரிக்கு ‘எங்கும்’ என்று எழுதினோம். இறந்த தேதிக்கு, ‘வெள்ளிக்கிழமை. ஞாயிறு காலை ரத்து’ என்று எழுதினோம். படிவத்தின் அடியில் ‘வேறு ஏதேனும் தெரிவிக்க விரும்பினால்’ என்று நாலு வரிக்கு ஒரு கட்டம் இருந்தது. லூவீனியா என் தோளுக்குப் பின்னால் நின்றாள்.

“அந்தக் கட்டத்துல வெர்லீன் பேரை எழுது, பர்னெல்.”

“அதுக்கு அங்க இடமில்ல.”

“நாலு வரி இருக்குய்யா!”

“நாலும் ரொம்பிடுச்சு.”

நிரம்பித்தான் இருந்தது. என் முழுப் பெயர், பர்னெல்லிலும் டில்மனிலும் தலா இரண்டு ‘எல்’ வரும் என்ற குறிப்பு, ‘வரலாற்றாசிரியர்’ என்ற பட்டம், இடப்பக்க முகத்தைக் காட்டினால் நல்லது என்ற வேண்டுகோள். லூவீனியா சமையலறைக்குப் போனாள். அன்று கேக் செய்திருந்தாள். எனக்கு முதல் துண்டே கிடைக்கவில்லை.

மூன்று வாரத்தில் சட்டப் பிரிவின் பதில் வந்தது. இயற்றியவர் காலமாகி ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுகள் ஆகிவிட்டபடியாலும், வாரிசுகள் யாரும் உரிமை கோரி முன்வராதபடியாலும், பாடல் பொதுச் சொத்தாகக் கொள்ளப்படுகிறது என்று மிகவும் மரியாதையாக எழுதியிருந்தார்கள்.

பிப்ரவரியில் படத்தின் நாலாம் பாகத்தை எங்கள் உயர்நிலைப் பள்ளியின் கூடைப்பந்து அரங்கில் போட்டுக் காட்ட விட்கோமே நேரில் வந்தார். பாகத்தின் பெயர் ‘மண்’. ஊரே திரண்டது. அன்று பஸ்ஸில் இருந்த முப்பத்தொரு பிள்ளைகளில் இருபத்தாறு பேர் வந்திருந்தார்கள். எல்லோருக்கும் ஐம்பதை ஒட்டிய வயது, பாதிப் பேருக்கு முழங்கால் வலி. வெர்லீன் மயில் பச்சை உடையில் ஆறாவது வரிசையில் உட்கார்ந்தார். நான் பழுப்பு சூட்டில் முதல் வரிசையில், விட்கோமுக்குப் பக்கத்தில்.

ஐம்பத்திரண்டாவது நிமிடத்தில் நான் வந்தேன். திரையில் என் தலை ஒரு வீட்டளவு இருந்தது. வலது காதைச் சொறிந்தேன். வானத்தைப் பார்த்தேன். “இன்னிக்கு வெயில் ஜாஸ்தி” என்றேன். போய்விட்டேன். மொத்தம் நாலு விநாடி. கீழே எழுத்து வந்தது: ‘உள்ளூர்வாசி’.

லூவீனியா என் தொடையைத் தட்டினாள். “தேசம் பொழச்சுதுய்யா.”

அப்புறம் வெர்லீன் வந்தார். மூன்று கம்பியில் அந்தப் பாட்டு. அரங்கில் ஒரு நாற்காலிகூடக் கிறீச்சிடவில்லை. பாடி முடித்து, திரையிலிருந்த வெர்லீன் தலை குனிந்தார். “நான் எழுதல. கர்த்தர் கொடுத்தார்.”

மௌனம் தொடங்கியது. ஒன்று. இரண்டு.

இந்த முறை யாரும் எனக்காகக் காத்திருக்கவில்லை. அன்றைக்கு முன் சீட்டில் அழுகையை ஆரம்பித்த அந்தக் குழந்தை, இப்போது மாவட்ட வரி அலுவலகத்தின் தலைமை அதிகாரி, இரண்டு கையாலும் முழங்காலைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள்.

“உங்க கை வழியாத்தான், மிஸ் வெர்லீன்!”

இருபத்தாறு பேரும் எழுந்தார்கள். அப்புறம் ஊரே எழுந்தது. “உங்க கை வழியாத்தான்! உங்க கை வழியாத்தான்!” தரையைக் காலால் உதைத்தார்கள். கூடைப்பந்து வளையம் ஆடியது. யாரோ “ஒண்ணு! ரெண்டு! மூணு!” என்று ரயில் பெட்டியை எண்ணத் தொடங்க, மொத்த அரங்கும் சேர்ந்து எண்ணியது. ஆறாவது வரிசையில் வெர்லீன் தொப்பியால் முகத்தை மூடிக்கொண்டு குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார், அழுதார், இரண்டையும் செய்தார்.

திரையிலிருந்த வெர்லீனுக்கு இது எதுவும் கேட்கவில்லை. அவர் ஆறாவது விநாடியில் தலை தூக்கினார், ஒரு மூலையைப் பார்த்தார், மறுபடி குனிந்தார். அவருக்கு மேல் வெள்ளை எழுத்துகள் மெதுவாக எழுந்தன: ‘பழம்பாடல். இயற்றியவர் தெரியவில்லை.’

எண்ணிக்கை ஒன்பதில் நின்றுபோனது.

விட்கோம் கைக்குட்டையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு துள்ளி எழுந்தார். “அற்புதம்! என்ன ஒரு குரல்! டீக்கன் ஐயா, இதை அன்னிக்கே பண்ணியிருக்கக் கூடாதா?”

“இப்ப அவங்க பேரைப் போட முடியுங்களா?” என்று கேட்டேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை.

“படம் முடிஞ்சுபோச்சே! நாடு முழுக்க அனுப்பியாச்சு. தவிர...” என்று குரலைத் தாழ்த்தினார். “பேர் போட்டா அது வெறும் பாட்டு, ஐயா. பேர் இல்லன்னாத்தான் ஆன்மா.”

கூட்டம் கலைந்தபோது வாசலில் வெர்லீன் நின்றிருந்தார். தொப்பியை நேராக வைத்துக்கொண்டிருந்தார்.

“மூணாவது தடவை என்ன ஆச்சு, டீக்கன்? இருமலா?”

“அவர் மௌனம் வேணும்னு கேட்டார், சிஸ்டர்.”

“அவர் ஞாயித்துக்கிழமை கேட்டார். நான் புதன்கிழமையே கேட்டிருந்தேன்.”

அவ்வளவுதான் சொன்னார். அடுத்த நாள் காலை ஏழு மணி பத்து நிமிடத்துக்கு பஸ் எங்கள் வீட்டைக் கடந்தது. ஹாரன் அடிக்கவில்லை. இப்போதெல்லாம் நான் கடிகாரத்தைப் பார்த்துத்தான் காபி வைக்கிறேன். பழைய ருசி இல்லை.

இருந்தாலும் கலை வெல்லும் என்பதில் எனக்கு ஐயமே இல்லை. ஏப்ரலில் ‘மண்’ சிறந்த ஒலிப்பதிவுக்கான பரிசு பெற்றது. பாட்டுக்காக அல்ல, அதற்குப் பிறகு வந்த பதினொரு விநாடிக்காக. பரிசுக் குழு அதை ‘அமெரிக்கத் திரையின் மிக ஆழமான மௌனம்’ என்று போற்றியது. ‘இந்த மௌனத்துக்கு ஆசிரியர் இல்லை, இது ஒரு மக்களின் நெஞ்சிலிருந்து தானாக எழுந்தது’ என்று விட்கோம் மேடையில் கண்கலங்கச் சொன்னார்.

ஆகவே, வரலாற்றின் மீதுள்ள மரியாதையால், மேற்படி சட்டப் பிரிவுக்கு இந்தத் திருத்தத்தை அனுப்புகிறேன். நாலு வரிக் கட்டத்தில் அடங்காததால் தனித் தாளில் எழுதுகிறேன். பாட்டை இயற்றியவர் வெர்லீன் மேபரி, ஸ்கூல் பஸ் ஓட்டுநர், கில்ரெத். இடம்: ரயில் பாதைக்கு இந்தப் பக்கம். சாட்சிகள் முப்பத்தொரு பேர். அதைக் கர்த்தர் அவர் கை வழியாகக் கொடுத்தார்.

மௌனத்துக்கும் ஆசிரியர் உண்டு. பெயர் பர்னெல் டில்மன். இரண்டிலும் தலா இரண்டு ‘எல்’. அதைக் கர்த்தர் கொடுக்கவில்லை. நானே செய்தேன். இதற்கு யாரும் பதில் சொல்ல வேண்டாம்.